கல்லீரலில் கட்டி என்று ரிப்போர்ட் வந்தால், அடுத்து எந்த ஸ்கேன்?

பித்தப்பையில் கல் இருக்கிறதா என்று பார்க்கப் போன அல்ட்ராசவுண்டில், யாரும் தேடாத ஒன்று கல்லீரலில் தென்படுகிறது. "வலது மடலில் 2.3 செ.மீ. அளவில் வெண்மையான கட்டி. ஹீமாஞ்சியோமாவாக இருக்கலாம். மேற்கொண்டு பரிசோதிக்கவும்" என்று ரிப்போர்ட்டில் ஒரு வரி. அந்த ஒரு வரியில் வீட்டில் எல்லோருடைய தூக்கமும் போய்விடுகிறது. அடுத்த நாளே ஆளுக்கொரு யோசனை. சி.டி. எடுத்துவிடு என்கிறார் ஒருவர். எம்.ஆர்.ஐ.தான் சரி என்கிறார் இன்னொருவர். ஊசி போட்டுச் சதையை எடுத்துப் பார்த்தால்தான் நிம்மதி என்று ஒரு குரல், ஆறு மாதம் விட்டுப் பார்க்கலாம் என்று இன்னொரு குரல்.

நாலு யோசனையும் தப்பில்லை. ஒவ்வொன்றும் யாரோ ஒருவருக்குச் சரியாகப் பொருந்தும். எல்லோருக்கும் பொருந்துவது மட்டும் எதுவும் கிடையாது. "எந்த ஸ்கேன் உசத்தி?" என்று கேட்டால் பதில் கிடைக்காது. "முதல் ஸ்கேனுக்குப் பிறகு இன்னும் தீராமல் இருக்கிற சந்தேகம் எது?" என்று கேட்டால் வழி தெரியும். ஒரு கட்டியை உறுதிசெய்ய மிகச் சிறப்பாக உதவுகிற எம்.ஆர்.ஐ. மருந்து, பக்கத்திலேயே இருக்கிற இன்னொரு கட்டியைப் பார்க்கும்போது குழப்பத்தைக் கூட்டிவிடும். அதனால் சந்தேகம் எது என்று தெரியாமல் ஸ்கேனைத் தேர்ந்தெடுக்க முடியாது.

முதலில் ஆள், அப்புறம் கட்டி

படத்தைப் பார்ப்பதற்கு முன்னால், அந்தக் கட்டி யாருடைய கல்லீரலில் இருக்கிறது என்று பார்க்க வேண்டும். கல்லீரல் நோய் எதுவும் இல்லாத, புற்றுநோய் வந்திராத ஒருவருக்குத் தற்செயலாகத் தென்படும் சின்னக் கட்டி பெரும்பாலும் புற்றுநோய் அல்லாத சாதாரணக் கட்டிதான். அதே அளவில், அதே தோற்றத்தில் ஒன்று சிரோசிஸ், அதாவது கல்லீரல் தழும்பேறிச் சுருங்கும் நோய், உள்ளவருக்கு இருந்தால், புற்றுநோய் இல்லை என்று தெரிந்த பிறகுதான் மற்ற பேச்சு. ஹெபடைட்டிஸ் பி நாள்பட இருப்பவர்களுக்கு சிரோசிஸ் வராமலேயே கல்லீரல் புற்றுநோய் வரலாம் என்பதால் அவர்களையும் இந்தப் பக்கத்தில்தான் வைக்க வேண்டும். குடல், மார்பகம், கணையம் போன்ற இடங்களில் முன்பு புற்றுநோய் வந்தவர்களுக்கு, அது பரவியிருக்கிறதா என்ற கேள்வி முன்னால் நிற்கும்.

சிரோசிஸ் போன்ற அபாயம் உள்ளவர்களின் படங்களைப் படிக்க, அமெரிக்கக் கதிரியக்கவியல் கல்லூரி 2011-இல் கொண்டுவந்த லை-ராட்ஸ் என்ற தனி முறை இருக்கிறது. அந்த விதிகளை நல்ல கல்லீரல் உள்ள ஒருவரின் ரிப்போர்ட்டுக்குப் போட்டுப் பார்த்துப் பயப்படக் கூடாது. இனி நான் சொல்வதெல்லாம் பெரும்பாலும் கல்லீரல் நன்றாக இருப்பவர்களுக்கானது.

இன்னும் இரண்டு விஷயங்களை டாக்டரிடம் மறைக்காமல் சொல்லிவிட வேண்டும். ஒன்று, கருத்தடை மாத்திரை சாப்பிடுகிறீர்களா, எத்தனை வருடமாக என்பது. இன்னொன்று, உடம்பை ஏற்ற அனபாலிக் ஸ்டீராய்டு எடுத்துக்கொள்கிறீர்களா என்பது. இரண்டாவதை ஆண்கள் பலர் சொல்லத் தயங்குகிறார்கள். அடினோமா என்ற கட்டிக்கும் இந்த ஹார்மோன்களுக்கும் நேரடித் தொடர்பு உண்டு. அந்த ஒரு தகவல், ஸ்கேனைப் படிப்பவர் சந்தேகப்பட வேண்டிய பெயர்களின் வரிசையையே மாற்றிவிடும்.

எந்தெந்தக் கட்டிகளைப் பற்றிப் பேசுகிறோம்

நீர்க்கட்டியை முதலில் முடித்துவிடலாம். உள்ளே வெறும் நீர், சுவர் மெல்லியது, தடுப்போ சதையோ இல்லை. அல்ட்ராசவுண்டில் முழுக் கறுப்பாகவும், அதற்குப் பின்னால் உள்ள பகுதி பளிச்சென்றும் தெரியும். அப்படித் தெரிந்தால் வேறு ஸ்கேன் வேண்டாம். சுவர் தடித்திருந்தாலோ, உள்ளே தடுப்புகள் இருந்தாலோதான் மேலே யோசிக்க வேண்டும்.

ஹீமாஞ்சியோமா என்பது ரத்தக்குழாய்களாலான கட்டி. கல்லீரலில் வரும் திடமான சாதாரணக் கட்டிகளில் இதுதான் அதிகம். பெண்களிடம் கூடுதலாகக் காணப்படும். பெரும்பாலானவர்களுக்கு அது இருப்பதே வாழ்நாள் முழுக்கத் தெரியாது. புற்றுநோயாக மாறுவதில்லை.

அதற்கு அடுத்தது ஃபோகல் நோடுலர் ஹைப்பர்பிளேசியா. டாக்டர்கள் சுருக்கமாக எஃப்.என்.ஹெச். என்பார்கள். கல்லீரலின் சொந்தச் செல்களே ஓர் இடத்தில் மட்டும் கூடுதலாக வளர்ந்து திரண்டது. பத்தில் எட்டு ஒன்பது பேர் பெண்கள், அதிலும் 30 முதல் 50 வயதுக்குள் இருப்பவர்கள். நடுவில் ஒரு தழும்பும் அதிலிருந்து கிளம்பும் ரத்தக்குழாய்களும் இதன் அடையாளம். இதுவும் புற்றுநோயாக மாறாது. இதற்காகக் கருத்தடை மாத்திரையை நிறுத்த வேண்டிய அவசியமும் இல்லை.

அடினோமா அரிதானது. ஆனால் இந்தக் கட்டுரையின் கவலையில் பாதி அதற்குத்தான். மற்ற இரண்டும் சும்மா இருந்துவிடும். இது உள்ளே ரத்தம் கசியலாம், சில வகைகள் புற்றுநோயாகவும் மாறலாம். எஃப்.என்.ஹெச்.சும் அடினோமாவும் இளம் பெண்களிடம், ஏறக்குறைய ஒரே தோற்றத்தில் வருகின்றன. ஒன்றுக்கு எதுவும் செய்ய வேண்டாம், இன்னொன்றுக்குச் சில சமயம் அறுவை சிகிச்சையே தேவைப்படும். கல்லீரல் படமெடுப்பில் உழைப்பெல்லாம் இந்த இரண்டையும் பிரித்துக் காண்பதற்குத்தான் அதிகம் போகிறது.

கடைசியாக, கட்டியே இல்லாத கட்டி ஒன்று உண்டு. கொழுப்புக் கல்லீரலில் ஓர் இடத்தில் மட்டும் கொழுப்பு சேராமல் விட்டுப்போகும், அல்லது நல்ல கல்லீரலில் ஓரிடத்தில் மட்டும் கொழுப்பு சேரும். பித்தப்பையை ஒட்டியும், ஃபால்சிஃபார்ம் தசைநார் பக்கமும் இது வழக்கமாக வரும். அந்த இடத்தின் ஊடாக ரத்தக்குழாய்கள் வளையாமல், நெரியாமல் நேராகப் போகின்றனவா என்று பார்த்தாலே பாதி விடை கிடைத்துவிடும்.

எல்லா ஸ்கேனுக்கும் அடிப்படை: ரத்தம் வரும் நேரம்

கல்லீரலுக்கு ரத்தம் இரண்டு வழியாக வருகிறது. முக்கால் பங்கு குடலிலிருந்து வரும் போர்ட்டல் நாளம் வழியாக, கால் பங்கு தமனி வழியாக. ஆனால் கட்டிகள் பலவும் தமனி ரத்தத்தைத்தான் அதிகம் இழுக்கும். ரத்தம் போகும் இடத்தைப் படத்தில் ஒளிரவைக்கும் கான்ட்ராஸ்ட் மருந்தைக் கையில் ஏற்றினால் முதலில் தமனி வழியாக வருவது தெரியும், சுமார் 35 விநாடியில். பிறகு 70 விநாடி வாக்கில் போர்ட்டல் ரத்தத்தோடு கல்லீரல் முழுதும் ஒளிரும். மூன்று நிமிடம் முதல் ஐந்து நிமிடத்தில் மருந்து வெளியேறத் தொடங்கியிருக்கும். கட்டி எப்போது ஒளிர்ந்தது, எங்கிருந்து ஒளிர ஆரம்பித்தது, கடைசியில் மருந்தைப் பிடித்து வைத்திருந்ததா விட்டுவிட்டதா என்பதில்தான் அதன் பெயர் இருக்கிறது.

அதனால்தான் ஒரே நேரத்தில் எடுத்த ஒரு படம் போதாது. வேறு காரணத்துக்காக, வயிற்றுவலிக்கோ விபத்துக்கோ எடுத்த சி.டி. பொதுவாக 70 விநாடிப் படம் மட்டும்தான். அதில் கட்டி தெரிகிறது, ஆனால் என்னவென்று தெரியவில்லை என்று ரிப்போர்ட் வந்தால், அது சி.டி.யின் குறையில்லை, படிப்பவரின் குறையுமில்லை. கேள்விக்குத் தேவையான நேரங்களில் படம் எடுக்கப்படவில்லை, அவ்வளவுதான்.

சாதா அல்ட்ராசவுண்ட்: சில பேருக்கு இதுவே முடிவு

கதிர்வீச்சு கிடையாது, ஊசி கிடையாது, எளிதில் கிடைக்கும். நல்ல கல்லீரலில், 3 செ.மீ.க்குக் குறைவாக, ஒரே சீரான வெண்மையோடு, ஓரம் தெளிவாக, சுற்றிலும் கறுப்பு வளையம் இல்லாமல், பின்பக்கம் ஒளி கூடித் தெரிகிற கட்டி என்றால் அது ஹீமாஞ்சியோமா என்று அல்ட்ராசவுண்டை வைத்தே முடிவு செய்யலாம். ஐரோப்பியக் கல்லீரல் ஆய்வுச் சங்கம் 2016-இல் வெளியிட்ட வழிகாட்டுதலும் இதைத்தான் சொல்கிறது. மேலே சொன்ன 2.3 செ.மீ. கட்டி எல்லாவற்றிலும் இப்படியே பொருந்தியிருந்தால், அவருக்கு அடுத்த ஸ்கேனே தேவையில்லை. இதைத் தைரியமாகச் சொல்லும் டாக்டரை நம்பலாம்.

சிக்கல் எங்கே வரும் என்றால், கொழுப்புக் கல்லீரலில். சுற்றியிருக்கிற கல்லீரலே வெண்மையாகிவிடுவதால் ஹீமாஞ்சியோமா கறுப்பாகத் தெரிய ஆரம்பிக்கும். சில அடினோமாக்களும், பரவிய புற்றுநோய்களில் சிலவும் வெண்மையாகவே தெரியும். எஃப்.என்.ஹெச். பல சமயம் கல்லீரல் நிறத்திலேயே கலந்து மறைந்துவிடும். ஆகவே, படம் கொஞ்சம் விலகினாலும், ஆள் அபாயப் பிரிவில் இருந்தாலும், அடுத்த படிக்குப் போகத்தான் வேண்டும்.

குமிழி போட்டுப் பார்க்கும் அல்ட்ராசவுண்ட்

இந்த வசதியைப் பற்றி நோயாளிகளிடம் யாரும் அதிகம் சொல்வதில்லை. சொல்ல வேண்டும் என்று நினைக்கிறேன். மிக நுண்ணிய வாயுக் குமிழிகளை நாளத்தில் ஏற்றி, அவை கட்டிக்குள் வருவதை நேரடியாகத் திரையில் பார்ப்பது. குமிழிகள் சிவப்பணுவை விடச் சிறியவை, ரத்தக்குழாயை விட்டு வெளியே போகாது, வாயு மூச்சு வழியாக வெளியேறிவிடும். சிறுநீரகத்தின் வழியே போக வேண்டியதில்லை என்பதால் சிறுநீரகம் பழுதானவர்களுக்கும் செய்யலாம்.

திரை இரண்டாகப் பிரிந்திருக்கும். ஒரு பக்கம் வழக்கமான படம், மறு பக்கம் கிட்டத்தட்ட இருட்டு. மருந்து ஏற்றியதும் மூலையில் விநாடிக் கணக்கு ஓடத் தொடங்கும். பத்து, பதினைந்து விநாடி வரை ஒன்றும் நடக்காது. பிறகு தமனி பளிச்சிடும். கட்டி எஃப்.என்.ஹெச். என்றால் நடுவிலிருந்து வண்டிச் சக்கரத்தின் ஆரங்கள் போல ரத்தம் வெளிநோக்கிப் பரவி, சில விநாடிகளில் கட்டி முழுக்க ஒளிர்ந்துவிடும். இந்தச் சில விநாடிகளை சி.டி.யோ எம்.ஆர்.ஐ.யோ பல சமயம் தவறவிட்டுவிடும். அவை குறிப்பிட்ட நேரங்களில் எடுத்த படங்கள், இதுவோ இடைவிடாமல் ஓடும் படம். ஹீமாஞ்சியோமா என்றால் ஓரத்தில் சின்னச் சின்ன முடிச்சுகளாகத் தோன்றி, நிதானமாக உள்ளே நிரம்பும். இரண்டு நிமிடம் தாண்டியும் கட்டி கல்லீரல் அளவுக்கு ஒளியைப் பிடித்து வைத்திருந்தால், அது சாதாரணக் கட்டி என்பதற்கு நல்ல சான்று. ஒளி வடிந்து கறுத்துவிட்டால் கவனம் தேவை.

3 செ.மீ.க்குக் கீழே உள்ள எஃப்.என்.ஹெச்.சைக் கண்டறிவதில் இது எம்.ஆர்.ஐ.யை விடவும் கைகொடுக்கும். குறைகளும் உண்டு. ஒரு முறை ஏற்றினால் ஒரு கட்டியைத்தான் முழுதாகப் பார்க்க முடியும். உடல் பருத்தவர்களுக்கும், உதரவிதானத்துக்கு அடியில் ஒளிந்திருக்கும் கட்டிகளுக்கும், கொழுப்பு மிகுந்த கல்லீரலுக்கும் சரிவராது. சாதா அல்ட்ராசவுண்டில் தெரியாத கட்டி இதிலும் தெரியாமல் போகலாம். செய்பவரின் அனுபவம் மிக முக்கியம். அடினோமாவும் சில சமயம் கடைசியில் லேசாக ஒளி வடிந்து குழப்பும்.

சி.டி.

வேகம்தான் இதன் பலம். சில விநாடிகளில் வயிறு முழுக்கப் படம் கிடைத்துவிடும். மூச்சை நெடுநேரம் அடக்க முடியாதவர்களுக்கும், அவசரத்தில் வந்தவர்களுக்கும் இதுவே வழி. அடினோமா வெடித்து வயிற்றுக்குள் ரத்தம் கசிகிறது என்ற சந்தேகம் வந்தால் எம்.ஆர்.ஐ.க்குக் காத்திருக்கக் கூடாது. புற்றுநோய் நோயாளிக்கு மார்பு, வயிறு, இடுப்பு எல்லாவற்றையும் சேர்த்துப் பார்க்கவும் சி.டி. பொருத்தம்.

ஒரு பெரிய ஹீமாஞ்சியோமாவை மூன்று நேரங்களிலும் எடுத்த சி.டி. நன்றாகவே காட்டிக்கொடுக்கும்: ஓரத்தில் விட்டுவிட்டு முடிச்சுகள், அவற்றின் ஒளி பெருந்தமனியின் ஒளிக்குச் சமம், பிறகு உள்நோக்கி நிரம்புதல். அந்த ஒழுங்கு தெரிந்தால் வேறு ஸ்கேன் வேண்டாம்.

ஆனால் நல்ல கல்லீரலுள்ள, 30 வயதுப் பெண்ணின் 2 செ.மீ. கட்டிக்கு முதல் தேர்வாக சி.டி.யை நான் சொல்ல மாட்டேன். ஒரு முறை வயிற்று சி.டி. என்பது சுமார் 8 மில்லிசீவர்ட் கதிர்வீச்சு. இயற்கையிலிருந்து ஒருவருக்கு வருடம் முழுக்கக் கிடைப்பது உலக சராசரியில் 2.4 தான். மூன்று நேரங்களிலும் எடுத்தால் அந்த அளவு பெருகும். அத்தனைக்கும் பிறகு எஃப்.என்.ஹெச்.சா அடினோமாவா என்ற கேள்வி அப்படியே நிற்க வாய்ப்பு அதிகம். 1 செ.மீ.க்குக் கீழே உள்ளவற்றை, "வகைப்படுத்த முடியாத அளவு சிறியது" என்றுதான் சி.டி. ரிப்போர்ட் சொல்லும். அபாயம் எதுவும் இல்லாத ஒருவருக்கு, ஓரம் தெளிவாக இருந்து வேறு சந்தேகத் தோற்றமும் இல்லையென்றால், அந்தச் சிறு புள்ளிகளைத் துரத்த வேண்டாம் என்பதே அமெரிக்கக் கதிரியக்கவியல் கல்லூரியின் 2017 பரிந்துரை.

எம்.ஆர்.ஐ.: எந்த மருந்து என்பதில்தான் விஷயம்

கட்டி எதனால் ஆனது என்று சொல்வதில் எம்.ஆர்.ஐ.க்கு இணை இல்லை. மருந்து ஏற்றும் முன்பே நிறையத் தகவல் வந்துவிடும். நீர் உள்ள இடத்தை வெண்மையாகக் காட்டும் டி2 என்ற வகைப் படத்தில் நீர்க்கட்டியும் ஹீமாஞ்சியோமாவும் பளீரென்று வெண்மையாகத் தெரியும். கொழுப்பைத் தனியே காட்டும் படங்களில், கொழுப்பு விட்டுப்போன இடமும் கொழுப்பு மிகுந்த அடினோமா வகையும் சிக்கிக்கொள்ளும். கர்ப்பிணிகளுக்கு காடோலினியம் என்ற எம்.ஆர்.ஐ. கான்ட்ராஸ்ட் மருந்தைத் தவிர்ப்பார்கள். அவர்களுக்கு மருந்தில்லாத எம்.ஆர்.ஐ.யே பல சமயம் போதுமான விடை தரும்.

மருந்து என்று வரும்போது இரண்டு வழிகள். முதலாவது சாதாரண காடோலினியம். ரத்தத்தோடு வந்து, செல்களுக்கு வெளியே உலவி, சிறுநீரகம் வழியாகப் போய்விடும். இரண்டாவது கல்லீரல் செல்கள் உள்ளே இழுத்துக்கொள்ளும் வகை. இதில் அதிகம் பயன்படுவது காடாக்சிடேட். ஏறத்தாழ பாதி சிறுநீரகம் வழியாகவும் பாதி பித்தம் வழியாகவும் வெளியேறும். ஏற்றிய 20 நிமிடத்தில் நல்ல கல்லீரல் செல் உள்ள இடமெல்லாம் வெண்மையாகவும், அது இல்லாத இடம் கறுப்பாகவும் தெரியும்.

எஃப்.என்.ஹெச்.சில் கல்லீரல் செல்கள் வேலை செய்கின்றன, மருந்தை உள்ளே இழுக்கும் கடத்திப் புரதமும் அவற்றில் இருக்கிறது. ஆகவே 20 நிமிடப் படத்தில் அது கல்லீரலைப் போலவோ அதைவிடக் கூடுதலாகவோ வெளுத்துத் தெரியும். பெரும்பாலான அடினோமாக்கள் கறுத்துவிடும். பல வருடக் குழப்பத்தை இந்த ஒரு படம் தீர்த்துவைத்திருக்கிறது. நிறையப் பேர் ஊசி குத்திச் சதை எடுப்பதிலிருந்து தப்பியதும் இதனால்தான். இங்கும் விதிவிலக்கு இருக்கிறது: அழற்சி வகை, பீட்டா-கேட்டனின் என்ற மரபணு மாற்றம் உள்ள வகை அடினோமாக்களில் சில மருந்தைப் பிடித்து வைத்துக்கொண்டு எஃப்.என்.ஹெச். போலக் காட்சி தரும். அதனால் 20 நிமிடப் படத்தை மட்டும் பார்த்து முடிவு கட்டக் கூடாது, முந்தைய படங்களோடு சேர்த்துத்தான் படிக்க வேண்டும்.

இதே காடாக்சிடேட் ஹீமாஞ்சியோமாவுக்கு உகந்ததல்ல. மூன்றாவது நிமிடத்திலேயே சுற்றியுள்ள கல்லீரல் மருந்தை உறிஞ்சி வெளுக்கத் தொடங்குவதால், கட்டி ஒளியை இழந்ததுபோல ஒரு தோற்றம் வரும். அது புற்றுநோயின் அடையாளத்தை ஒத்திருக்கும். 20 நிமிடப் படத்தில் ஹீமாஞ்சியோமாவும் கறுப்பு, பரவிய புற்றுநோயும் கறுப்பு. டி2 படம் இல்லாமல் இதைப் படித்தால் வீண் பயம்தான் மிஞ்சும். சந்தேகம் ஹீமாஞ்சியோமா என்றால் சாதாரண காடோலினியமே நல்லது. அதோடு காடாக்சிடேட் ஏற்றும்போது சிலருக்குத் தமனி நேரத்தில் சற்று நேரம் மூச்சுத் திணறி, மிக முக்கியமான அந்தப் படமே அசைந்து கெட்டுவிடுகிறது. ரத்தத்தில் பிலிருபின் (மஞ்சள் காமாலையில் கூடும் மஞ்சள் நிறமி) மிகவும் ஏறியிருந்தாலும் கல்லீரல் மருந்தைச் சரியாக உறிஞ்சாது.

எம்.ஆர்.ஐ.யின் தரம் படுத்திருப்பவர் கையிலும் இருக்கிறது என்பதைச் சொல்லியாக வேண்டும். "மூச்சை இழுங்க, விடுங்க, அப்படியே நிறுத்துங்க" என்ற குரல் கேட்டதும், பதினைந்து இருபது விநாடி நெஞ்சும் வயிறும் அசையாமல் இருக்க வேண்டும். ஒரு முறை அல்ல, பல முறை. தமனி நேரம் ஒரே ஒரு தடவைதான் வரும். அப்போது இருமினால் திரும்ப எடுக்க வழியில்லை. உள்ளே போகும் முன் படுத்தபடி சில தடவை பழகிப் பார்ப்பது உண்மையிலேயே பலன் தரும். குறுகிய இடத்தில் பயம் உள்ளவர்கள் முன்கூட்டியே சொல்லிவிடலாம். பேஸ்மேக்கர் போன்றவை உடலில் இருந்தால் அந்த அட்டையைக் கையில் வைத்திருக்க வேண்டும். சிறுநீரகம் மிகவும் பலவீனமானவர்களுக்கு எந்த காடோலினியம் என்பதை டாக்டர் தனியாக முடிவு செய்வார்.

ஊசியும் பழைய அணு ஸ்கேனும்

அணு மருத்துவத்தில், அடையாளம் ஏற்றிய சிவப்பணுக்களை வைத்து ஹீமாஞ்சியோமாவை உறுதிசெய்யும் ஸ்கேன் ஒன்று உண்டு. சின்னக் கட்டிகளுக்குப் பயன்படாது. எம்.ஆர்.ஐ. எடுக்கவே முடியாதவர்களுக்கு மட்டும் இன்றும் அதற்கு இடமிருக்கிறது.

பயாப்ஸி எடுத்தால் சந்தேகமே இருக்காது என்று பலர் நினைக்கிறார்கள். கல்லீரலில் அது அவ்வளவு நேரானதல்ல. ஊசி எடுத்து வரும் சதை நூலளவுதான். அதில் எஃப்.என்.ஹெச்.சையும் அடினோமாவையும் சாதாரணச் சாயத்தில் பிரிப்பது கடினம். சிறப்புச் சாயங்கள் தேவை. ஹீமாஞ்சியோமா என்று படத்திலேயே தெரிகிற ஒன்றைக் குத்துவது ரத்தக் கசிவு அபாயத்தைக் காரணமில்லாமல் ஏற்பது. நாடாப்புழுவால் வரும் ஹைடாடிட் நீர்க்கட்டியை அது என்னவென்று தெரியாமல் குத்தினால் கடும் ஒவ்வாமை வரலாம், உள்ளிருப்பது வயிற்றுக்குள் பரவவும் கூடும். எம்.ஆர்.ஐ.யும் குமிழி அல்ட்ராசவுண்டும் பார்த்த பிறகும் விடை வராமல், அந்த விடையால் சிகிச்சை மாறும் என்றால், அப்போது பயாப்ஸி சரியான முடிவு. அடினோமாவின் வகையை அறிய வேண்டிய நேரத்திலும் அப்படித்தான்.

நான் எப்படித் தேர்ந்தெடுப்பேன்

அல்ட்ராசவுண்டில் எல்லா அடையாளமும் பொருந்திய சின்ன ஹீமாஞ்சியோமா, கல்லீரல் நன்றாக இருக்கிறது, புற்றுநோய் வரலாறு இல்லை என்றால் அங்கேயே நிறுத்திவிடுவேன். மனசு கேட்கவில்லை என்பதற்காக சி.டி. எடுப்பது வேண்டாம்.

ஒரே கட்டி, நன்றாகத் தெரிகிறது, ஆனால் தோற்றம் கொஞ்சம் விலகுகிறது, குமிழி அல்ட்ராசவுண்டில் கைதேர்ந்தவர் அருகில் இருக்கிறார் என்றால், அதை முதலில் செய்வேன். அரை மணி நேரத்துக்குள் விடை கிடைக்கும், ஹீமாஞ்சியோமாவும் எஃப்.என்.ஹெச்.சும் பெரும்பாலும் அங்கேயே முடிந்துவிடும். அந்த வசதி இல்லை, அல்லது கட்டிகள் பல, அல்லது கொழுப்புக் கல்லீரல் மறைக்கிறது என்றால் நேராக எம்.ஆர்.ஐ.தான். நடுவில் சி.டி. ஒரு படியாக வர வேண்டியதில்லை. சந்தேகம் எஃப்.என்.ஹெச்.சுக்கும் அடினோமாவுக்கும் இடையில் என்றால் காடாக்சிடேட், ஹீமாஞ்சியோமாவை உறுதிசெய்ய என்றால் சாதாரண காடோலினியம்.

புற்றுநோய் வந்து சிகிச்சை எடுத்தவர்களிடம் நான் அல்ட்ராசவுண்டோடு நிறுத்த மாட்டேன், கட்டி எவ்வளவு அழகாகத் தெரிந்தாலும். அங்கே எம்.ஆர்.ஐ. வேண்டும். ஆக்சாலிபிளாட்டின் போன்ற புற்றுநோய் மருந்து எடுத்தவர்களுக்குச் சில காலம் கழித்து எஃப்.என்.ஹெச். போன்ற முடிச்சுகள் புதிதாகத் தோன்றுவது உண்டு. புற்றுநோய் திரும்பிவிட்டது என்று குடும்பமே உடைந்துபோகும் அந்த நேரத்தில், 20 நிமிடப் படத்தில் அவை வெளுத்துத் தெரிந்தால் அது எத்தனை பெரிய ஆறுதல் என்று யோசித்துப் பாருங்கள்.

எந்த ஸ்கேனுக்குப் போனாலும் பழைய ஸ்கேன்களின் படங்களைக் கொண்டுபோங்கள், ரிப்போர்ட்டை மட்டும் அல்ல. ஐந்து வருடத்துக்கு முன்பு வேறு எதற்கோ எடுத்த சி.டி.யில் அதே கட்டி அதே அளவில் இருந்தால், புதிய ஸ்கேன் சொல்லக்கூடியதில் பாதியை அது இலவசமாகவே சொல்லிவிடும். ஸ்கேனுக்கு எழுதும் சீட்டில் "கல்லீரல் கட்டி" என்று மட்டும் எழுதாமல், என்ன சந்தேகம், வயது, மாத்திரை, பழைய நோய் எல்லாவற்றையும் எழுதச் சொல்லிக் கேளுங்கள். எந்த மருந்து, எந்தெந்த நேரத்தில் படம் என்பதை அதைப் படித்துத்தான் முடிவு செய்வார்கள்.

பெயர் தெரிந்த பிறகு

அடையாளம் தெளிவான ஹீமாஞ்சியோமாவுக்கும் எஃப்.என்.ஹெச்.சுக்கும் பொதுவாகத் தொடர்ந்து ஸ்கேன் எடுக்கத் தேவையில்லை. வருடா வருடம் எடுத்து, 2.3 இருந்தது 2.5 ஆகிவிட்டதே என்று பயப்படுவதில் பொருளில்லை. அளக்கும் கோணம் மாறினாலே அந்த வித்தியாசம் வரும்.

அடினோமா அப்படியல்ல. ஐரோப்பிய வழிகாட்டுதலின்படி, பெண்களுக்குக் கருத்தடை மாத்திரையை நிறுத்தி, எடை கூடுதலாக இருந்தால் குறைத்து, ஆறு மாதம் கழித்து மறுபடி எம்.ஆர்.ஐ. எடுத்துப் பார்க்கிறார்கள். பல கட்டிகள் அதற்குள் சுருங்கிவிடும். அப்போதும் 5 செ.மீ.யோ அதற்கு மேலோ இருந்தால், அல்லது வளர்ந்துகொண்டே போனால், அறுவை சிகிச்சையைப் பற்றிப் பேச வேண்டும். 5 செ.மீ.க்குக் கீழே என்றால் வருடம் ஒருமுறை பார்ப்பது போதும். ஆண்களுக்கு வந்த அடினோமாவையும், பீட்டா-கேட்டனின் வகை என்று உறுதியானதையும் அளவு பார்க்காமல் எடுத்துவிடச் சொல்கிறார்கள், புற்றுநோயாக மாறும் வாய்ப்பு அங்கே கூடுதல் என்பதால். சின்ன அடினோமா இருக்கிறது என்பதற்காகக் குழந்தை வேண்டாம் என்று யாரும் சொல்வதில்லை. கர்ப்ப காலத்தில் சில வாரங்களுக்கு ஒருமுறை சாதா அல்ட்ராசவுண்டில் அளவை மட்டும் கவனித்து வருவார்கள்.